நாப்பதாவது ரூம்

— செவப்பு வெளக்கு எத்தன எரியுது?

— மூணு. பச்ச ஒண்ணு. மஞ்சள் ரெண்டு, அதுல ஒண்ணு மினுங்கிக்கிட்டுக் கெடக்கு. அத எண்ணணுமா வேண்டாமா?

— மினுங்குதத எண்ணாத மாரி. போன வெள்ளிக்கிழம அத எண்ணித்தான் கேமுல தோத்தோம்.

— நல்லாருக்கே கத. எல்லாப் பூட்டும் தெறந்து கடைசிப் பூட்டுக்கு வந்த ஒடனே உங்களுக்கு நெட்டு போயிட்டு. அதுக்கு மொத வாரமும் அப்படித்தான். அதுக்கு மொத வாரமும் அப்படித்தான்.

— மஸ்கட்டுல நெட்டு அப்படித்தாம்ட்டி. நான் என்ன செய்ய?

— முப்பத்தொம்பது ரூமுக்கு ஓடுன நெட்டு, நாப்பதாவது ரூமுக்கு மட்டும் நொண்டுது.

— சவத்த விடு. என் பக்கம் சொவத்துல எழுதிருக்கதச் சொல்லுதேன், கேட்டுக்க. செவப்பு மூணுன்னா எட்டு. பச்ச ஒண்ணுன்னா சைபர். மஞ்ச ஒண்ணுன்னா அஞ்சி. நீலம் எத்தன?

— நீலம் ஒண்ணும் எரியல.

— எரியாட்டா ரெண்டு. எட்டு, சைபர், அஞ்சி, ரெண்டு. திருப்பு.

— திருப்பிட்டேன். ஆங், உங்க பக்கத்துல பொட்டி தெறந்திருக்கணுமே?

— தெறந்துட்டு. ரெண்டு சாவி கெடக்கு.

— என் பக்கமும் ரெண்டு விழுந்திருக்கு. எம்புட்டு நேரம் பாக்கி?

— இருவத்தி நாலு நிமிசம்.

— அப்ப நெறயக் கெடக்கு. இன்னிக்குத் தெறந்துருவோம், பாத்துக்கிடுங்க.

— ஏன் இம்புட்டு மெல்லப் பேசுத? திருட வந்தவ மாதிரி.

— அத்தைக்குக் காச்சல். இப்பத்தான் கண்ண அசந்திருக்காவ.

— எங்க அம்மைக்கா? என்னைல இருந்து? ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனியா?

— ஊசி போட்டாச்சி. பயப்படாதீங்க. உங்க அம்ம எந்திரிச்சா மொதல்ல கேக்கது என்ன தெரியுமா? வீரபாண்டி பொண்டாட்டிக்கு வெள்ளிக்கிழமன்னா போனுல என்ன வேலம்பாவ. உங்க மகன்கூடத்தான் வெளையாடுதேன்னு சொன்னா, கடல் தாண்டிப் போனவன்கூட என்னட்டி வெளையாட்டுன்னு சிரிக்காவ.

— நீ மொத ரூமுல பண்ணுன கூத்தச் சொன்னா இன்னும் சிரிப்பாவ.

— அதச் சொல்லாதீங்க.

— சாவி எங்கன இருக்கு, எங்கன இருக்குன்னு ரெண்டு மணி நேரம். கடைசில கால் மிதிக்குத சாக்குக்கு அடியில. நம்ம வீட்டுச் சாவிய நீ எங்க வைக்க? அங்கனதான வைக்க!

— அதனாலதான் பாக்கல. கேமுக்காரன் நம்மள மாதிரியா வைப்பான்னு நெனச்சேன். ஏழாவது ரூமு யாரு தெறந்தா? அடுப்பாங்கரை ரூமு. உப்புச் சாடிக்குள்ள கையவிட்டு எடுத்தது யாரு?

— நீதான். ஒத்துக்கிடுதேன்.

— பதினாலு?

— அதுவும் நீதான். பியானோ கட்டய எப்படி அமுக்கணும்னு பாட்டு கேட்டே கண்டுபிடிச்சிட்ட. நான் ரூமுல இருக்க பயலுவகிட்ட எல்லாம் சொன்னேன், எம் பொண்டாட்டி நூல் சுத்தப் போறவதான், மூள வக்கீல் மூளன்னு.

— அப்ப இன்னொண்ணும் சொல்லிருப்பீங்களே அவியகிட்ட. மொத ரூமு தெறந்த அன்னிக்கு எங்கிட்டச் சொன்னது.

— என்னது?

— மறந்துட்டா? நாப்பது ரூமு இருக்கு மாரி, வாரம் ஒண்ணுன்னு வச்சாலும் வருசத்துக்குள்ள முடிஞ்சிரும், நாப்பதாவது ரூமு தெறந்த அன்னிக்கு டிக்கெட் போட்டுருவேன்னு சொன்னீங்க. வருசம் மூணு ஆயிட்டு. சில ரூமுக்கு மாசக் கணக்குல ஆச்சி, அதச் சொல்லல. ஆனா இந்த ரூமுல பதினோரு வாரமா நிக்கோம். நீங்க தெறக்க விட மாட்டேங்கீங்க.

— நான் விடமாட்டேங்கேனா?

— பெறகு யாரு? எனக்கு ஒரு மனுசன் வீட்டுக்கு வரணும். அதுக்குத்தான் இந்தப் பூட்டெல்லாம் நோண்டிக்கிட்டு இருக்கேன். இல்லாட்டா எனக்கு எதுக்கு இந்தக் கேமு?

— மாரி, நான் ஒண்ணு சொல்லணும். கோவப்படாமக் கேளு.

— சொல்லுங்க.

— கம்பெனியில இன்னும் ரெண்டு வருசத்துக்கு இருக்கச் சொல்லிட்டானுவ. கையெழுத்தும் வாங்கிட்டானுவ.

— கையெழுத்துப் போட்டுட்டீங்களா?

— போட்டுட்டேன்.

— எந்தக் கையால?

— என்னது?

— ஒண்ணுமில்ல. இருவத்தோரு நிமிசம் இருக்கு.

— கோவப்பட்டுட்ட.

— நான் ஏன் கோவப்படணும். கோவம் எல்லாம் கோமதி அம்மன் மேலதான். இந்த வருசம் ஆடித்தவசுக்கு அவளச் சுத்துனேனே, நூத்தியெட்டு. எதுக்குச் சுத்துனேன்? எம் புருசன் முழுசா வீடு வந்து சேரணும்னுதான. அவ ரெண்டு வருசம் கூடுதலாப் போட்டுக் குடுக்கா.

— சாமியக் குத்தம் சொல்லாதட்டி. நீ அவளுக்கு ஒரு கொறையும் வைக்கல. புளியங்கொட்ட பூராவும் சிந்திப் போயும், மறுபடி ஒண்ணுல இருந்து சுத்துனவ நீ. அவ கண்ணத் தெறப்பா.

— என்ன சொன்னீங்க?

— கண்ணத் தெறப்பான்னேன்.

— அதுக்கு முன்ன.

— என்ன முன்ன?

— புளியங்கொட்ட சிந்துனது உங்களுக்கு எப்படித் தெரியும்?

— நீதான சொன்ன.

— நான் சொல்லல.

— சொன்னட்டி. போன்ல சொன்ன.

— நான் ஒரு ஆளுட்டச் சொல்லல. நூத்தியெட்டுக் கொட்டய மடியில கட்டிக்கிட்டு, ஒரு சுத்துக்கு ஒண்ணா பையில போட்டுக்கிட்டே வந்தேன். ஒரு பிள்ள ஓடி வந்து இடிச்சதுல மடியும் அவுந்து பையும் விழுந்து ரெண்டும் ஒண்ணாக் கலந்துட்டு. எத்தன சுத்துனேன்னு தெரியல. அத்தைட்டச் சொன்னா எண்ணிக்கை தப்புனது சகுனத் தடைம்பாவன்னு வாயே தெறக்கல. கோயிலுக்கும் நான் ஒத்தையிலதான் போனேன்.

— பக்கத்து வீட்டுல யாராச்சும்…

— ஒத்தையிலதான் போனேன்னு சொல்லுதேன்.

— …

— பேசுங்க. நெட்டு போயிட்டுன்னு மட்டும் சொல்லிராதீங்க. நீங்க மூச்சு விடுதது எனக்குக் கேக்கு.

— மாரி…

— நீங்க கோயில்ல இருந்தீங்க.

— இருந்தேன்.

— எங்கன?

— வடக்குப் பிரகாரத்துல. ஒரு தூணுக்குப் பின்ன. மூஞ்சில துண்டக் கட்டிக்கிட்டு.

— எம்புட்டு நேரம்?

— நீ மொதச் சுத்து ஆரம்பிச்சதுல இருந்து.

— எத்தனாவது சுத்துல சிந்துச்சி?

— வேண்டாம் மாரி.

— சொல்லுங்க. எனக்கு இன்னிக்கு வரைக்கும் தெரியாது.

— எழுவத்தி மூணு.

— எழுவத்தி மூணா.

— எழுவத்தி மூணு முடிஞ்சி, கொடிமரத்தத் தாண்டி வந்து, அடுத்ததுக்குக் கால எடுத்து வைக்கையில சிந்திச்சி. நானும் எண்ணிக்கிட்டேதான் நின்னேன்.

— அறுவதா எம்பதான்னு தெரியாம நான் அங்கனயே உக்காந்து அழுதேன். கூட்டம் என் கைய மிதிச்சிக்கிட்டுப் போச்சி. நீங்க எண்ணிக்கைய வாய்க்குள்ள வச்சிக்கிட்டு பத்தடி தூரத்துல நின்னிருக்கீங்க.

— வாயத் தெறந்தேன். சத்தம் வரல.

— ஒரு வார்த்த போதுமே. யாரோ மாதிரி, வழியில போறவன் மாதிரி, எழுவத்தி மூணுன்னு சொல்லிட்டுப் போயிருக்கலாமே. மிச்சம் முப்பத்தஞ்சி சுத்துல முடிஞ்சிருக்கும். நான் மறுபடியும் நூத்தியெட்டு சுத்துனேன். மூணு நாளு செருப்புக்குள்ள கால நுழைக்க முடியல.

— பாத்தேன். நொண்டிக்கிட்டே பஸ் ஸ்டாண்டு பக்கம் போனத.

— அதுவும் பாத்தீங்களா! மனுசன்தானா நீங்க?

— திட்டு. நல்லாத் திட்டு. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்.

— திட்டி என்ன ஆவப் போவுது. இப்ப எங்க இருக்கீங்க? உங்க வாயால சொல்லுங்க.

— சிவகிரில.

— சிவகிரில எங்க?

— ஃபாரூக் வீட்டு மாடியில. எங்கூட மஸ்கட்டுல ஒரே ரூமுல இருந்தாம்லா, அவன்தான். அவன்தான் என்னயக் கூட்டிட்டு வந்து சேத்தான்.

— எம்புட்டு நாளா?

— எட்டு மாசமா.

— எட்டு மாசமா. ஒரு பஸ்ஸு தூரத்துல இருந்துக்கிட்டு, இங்க இப்பத்தான் விடியுது, இங்க ஒரே வெயிலு, இங்க இன்னிக்கு பிரியாணின்னு…

— பிரியாணி நெசம். கீழ ரசீதா பண்ணுனது. ஃபாரூக் பொண்டாட்டி.

— சிரிப்பு வருதா உங்களுக்கு?

— அழுதுக்கிட்டுத்தாம்ட்டி சொல்லுதேன்.

— சரி. அழுங்க. பதினாறு நிமிசம் இருக்கு. அழுதுக்கிட்டே சொல்லுங்க, அந்த ரூமுல என்னெல்லாம் இருக்கு?

— எந்த ரூமுல? கேமுலயா?

— நீங்க இருக்க ரூமுல. கேமுக்குள்ள போன ஒடனே என்ன செய்வோம்? இருக்கதையெல்லாம் ஒண்ணு விடாமச் சொல்லுவோம்லா. அதே மாதிரி சொல்லுங்க.

— என்னத்தச் சொல்ல. பத்துக்கு எட்டு ரூமு. ஒரு கட்டிலு. ஒரு பானை. ஃபாரூக் கொண்டாந்த அட்டப்பொட்டி நாலு. ரசீதா தச்சி மிச்சம் விழுந்த துணி ஒரு மூட்ட. ஒரு சன்னல்.

— சன்னல்ல என்ன தெரியும்?

— தெறந்தா மல தெரியும். பஸ்ஸு ஏற வாரவுக எல்லாம் தெரிவாவ. அதனால தெறக்க மாட்டேன். நம்மூரு ஆளுவ தெனம் பத்துப் பேரு இந்த வழியாத்தான் ராஜபாளையம் போறான். போன மாசம் உங்க பெரியப்பா மகன் பேச்சிராஜ் கீழ நின்னு டீ குடிச்சான். நான் கட்டிலுக்கு அடியில போய்ப் படுத்துக்கிட்டேன்.

— கட்டிலுக்கு அடியிலயா?

— சிரிக்காத.

— சிரிக்கல. கதவு?

— கதவு வெளிய பூட்டியிருக்கும்.

— யாரு பூட்டுனா?

— ஃபாரூக். காலையில கடைக்குப் போகும்போது பூட்டுவான், வந்துதான் தெறப்பான். நான்தான் பூட்டச் சொன்னேன், ஆடித்தவசு அன்னிக்கு மட்டுந்தான் வெளிய வந்தேன். யாரு படியேறி வந்தாலும் பூட்டுதான் தெரியணும், ஆளு இல்லன்னு போயிரணும். உள்ளயும் நான் தாப்பா போட்டுக்கிடுவேன். சாப்பாடு கதவுல இருக்க சின்னத் தெறப்பு வழியா வரும்.

— செயில்ல கூட ஆளுவ பாக்க வருவாவ.

— செயிலுக்குப் போனவன் ஒருநா வெளிய வருவான் மாரி.

— வேற என்ன இருக்கு?

— ஒரு கண்ணாடி.

— எங்க மாட்டிருக்கு?

— மாட்டல. சொவத்தப் பாத்துத் திருப்பி வச்சிருக்கேன்.

— ஏன்?

— சும்மாதான்.

— நானே சொல்லட்டுமா? உங்க வலது கைக்கு என்னமோ ஆயிட்டு.

— யாரு சொன்னா ஒனக்கு? ஃபாரூக் சொன்னானா?

— இருவத்தாறாவது ரூமு சொல்லுச்சி.

— என்ன ஒளறுத?

— அது வரைக்கும் சாவி திருப்புததெல்லாம் யாரு வேல? உங்க வேல. என்னயத் தொட விடுவீங்களா? ஒனக்கு வெரல் ஓடாது மாரி, நீ பாத்து மட்டும் சொல்லும்பீங்க. இருவத்தஞ்சாவது ரூமு முடிஞ்சி ஒரு மாசம் ஆள் இல்ல, வேல சாஸ்தின்னீங்க. திரும்பி வந்து இருவத்தாறாவது ரூமுல, இனிமே நீ திருப்பு, நான் படிச்சிச் சொல்லுதேன்னுட்டீங்க. அன்னைல இருந்து மெசேஜி ஒண்ணு கூட எழுதி வரல, எல்லாம் பேசிப் பேசி அனுப்புதீங்க. கேமரா ஒடஞ்சி போச்சின்னு மூஞ்சியும் காட்டல. பெறகு இந்த ரூமு. இதுலதான் கடைசிப் பூட்டு ரெண்டையும் ரெண்டு கட்டவெரலால ஒரே நேரத்துல பிடிக்கணும். அங்கன வந்த ஒடனே நெட்டு போவுது. நூல் சுத்துதவளுக்கு எந்த எடத்துல இழ அந்துதுன்னு தெரியாதா?

— தெரிஞ்சிக்கிட்டேவா இம்புட்டு நாளும் வெளையாடுன?

— நீங்களாச் சொல்லுவீங்கன்னு வெளையாடுனேன்.

— கட்டவெரல் இல்ல மாரி. அடுத்த ரெண்டும் இல்ல. தகடு வெட்டுத மிசினு.

— மிச்சம் ரெண்டு?

— இருக்கு. மடங்காது. மரக்குச்சி மாதிரி நிக்கும்.

— வலிக்கா?

— இல்லாத வெரலுதான் வலிக்கி. டாக்டர் அப்படித்தான் வலிக்கும்னான். என்ன வேடிக்க பாரு.

— எங்கிட்டச் சொல்லிருக்கலாம்லா.

— என்னன்னு சொல்ல? எனக்குத் தெரிஞ்ச தொழிலு தறி. இழ அந்தா எத வச்சி முடிச்சிப் போடுவேன்? முடிச்சிப் போடாதவனுக்கு எவன் தறி குடுப்பான்? அத விடு. சோத்தப் பெசைஞ்சி வாயில வைக்க முடியல. இடது கையால திங்கேன். ஒரு கல்யாண வீட்டுப் பந்தியில நாலு பேருக்கு நடுவுல உக்காந்து இடது கைய நீட்டுவனா? நீ பக்கத்துல உக்காந்திருப்ப. எல்லாரும் என்னயப் பாக்க மாட்டான், ஒன்னயத்தான் பாப்பான்.

— அப்ப மாசாமாசம் சம்பளம்னு வந்தது?

— வெரலுக்கு அவனுவ குடுத்தது.

— அதையா நான் ஒல வச்சித் தின்னேன்?

— வேற எதுக்கு அது.

— இருங்க. செத்த இருங்க. ஒண்ணும் பேசாதீங்க.

— மாரி, அழாத. அம்ம முழிச்சிருவாவ.

— அழல. எத்தன நிமிசம் இருக்கு?

— என்ன நிமிசம்?

— கேமுல.

— இப்பப் போய் கேமா! ஏழு.

— சாவி ரெண்டையும் பூட்டுல மாட்டுங்க. நான் மாட்டிட்டேன்.

— இடது கையால மாட்டிட்டேன். அதுக்கு மேல ஆவாது. ஒரே நேரத்துல ரெண்டையும் பத்து செகண்டு பிடிக்கணும்.

— போன கையில வச்சிருக்கீங்களா? தரையில வைங்க.

— வச்சிட்டேன்.

— இடது பக்கம் இடது கட்டவெரலு. வலது பக்கம் சுண்டுவெரலு.

— மடங்காதுன்னு சொன்னேம்லா.

— மடங்க வேண்டாம். தொட்டாப் போதும்.

— எட்டு மாசமா அத வச்சி நான் ஒண்ணத்தையும் தொட்டதில்ல.

— இப்பத் தொடுங்க.

— வழுக்குது.

— வேட்டியில தொடச்சிக்கிடுங்க. வேர்த்திருக்கும்.

— சரி, வச்சிட்டேன்.

— நானும் வச்சிட்டேன். எண்ணட்டுமா? ஒண்ணு. ரெண்டு. மூணு. நாலு.

— விட்டுட்டு! சவத்துப் போன வெரலு!

— போட்டும். மறுபடி. இது புளியங்கொட்ட இல்ல, எண்ணிக்கை நான் சொல்லுதேன். வைங்க. ஒண்ணு. ரெண்டு. மூணு. நாலு. அஞ்சி.

— மாரி…

— பேசாதீங்க. ஆறு. ஏழு. எட்டு. ஒம்போது. பத்து.

— தெறந்துட்டு.

— தெறந்துட்டா? எனக்கும் தெறந்துட்டு! ஏங்க, உங்களுக்கு என்ன தெரியுது?

— கடலு. ஒரு படகு. வெற்றின்னு எழுதிருக்கு.

— எனக்கும் அதேதான். இம்புட்டுதானா? இதுக்கா மூணு வருசம் கண்ணு வலிக்கப் பாத்தோம்?

— படகாச்சும் ஆடுதே.

— சரி. டிக்கெட் போடுங்க.

— எங்க இருந்து எங்க?

— சிவகிரில இருந்து சங்கரன்கோவிலுக்கு. சன்னல் பக்கம் சீட்டு.

— அது முடியாது மாரி.

— ஏன் முடியாது? வெரலும் தெரிஞ்சாச்சி, ஊரும் தெரிஞ்சாச்சி. இனிமே என்ன மறைக்க இருக்கு?

— ரூமுல இருக்கதெல்லாம் சொல்லச் சொன்னேல்லா. ஒண்ணு சொல்லல. ஒரு பை இருக்கு. கட்டி வச்ச பை.

— எங்க போறதுக்கு?

— கோயம்புத்தூருல ஒரு குடோனுல காவலுக்கு ஆள் கேட்டாவளாம். ஃபாரூக் பேசி வச்சிருக்கான். இன்னிக்கு ஜும்மா தொழுதுட்டு வந்து கதவத் தெறப்பான். ரெண்டு மணி பஸ்ஸு. ஒங்கூட கடைசியா ஒருக்கா வெளையாடிட்டுப் போவோம்னுதான் இருந்தேன். இந்த நம்பரு நாளைல இருந்து இருக்காது.

— அப்ப நான்?

— ஒனக்கு முப்பத்தொண்ணு வயசுதான் ஆவுது. புருசன் வெளிநாட்டுல எவளையோ சேத்துக்கிட்டான்னு சொல்லு. ஊரு நம்பும். அப்படிச் சொன்னா ஒம்மேல ஒரு குத்தமும் வராது. ஒங்கண்ணன் பாண்டிராஜ் வந்து கூட்டிட்டுப் போயிருவான்.

— எல்லாத்தையும் நீங்களே ரோசிச்சி முடிச்சிட்டீங்க.

— எட்டு மாசம் வேற என்ன வேல எனக்கு.

— எங்கிட்ட ஒரு வார்த்த கேக்கணும்னு தோணல. எழுவத்தி மூணச் சொல்லாத மாதிரியே.

— நீ பாவப்பட்டு என்கூட இருப்ப மாரி. அது எனக்குத் தெரியும். அதத்தான் என்னால தாங்க முடியாது.

— பாவம்! எனக்கு இப்ப வருத ஆத்திரத்துக்கு உங்க மிச்ச ரெண்டு வெரலையும் நானே ஒடிச்சிருவேன், இவரு பாவத்தப் பேச வந்துட்டாரு. உங்களுக்கு வெரல் போனது போனது. எனக்கு எட்டு மாசமா ஆளே இல்ல.

— கத்தாத. அம்ம முழிச்சிருவாவ.

— அத்தைக்குக் காச்சலும் இல்ல, ஒண்ணும் இல்ல. நல்லாத்தான் இருக்காவ.

— பின்ன ஏன் அப்படிச் சொன்ன?

— நீங்க மட்டும்தான் பொய் சொல்லணுமா?

— மணி என்ன இப்ப?

— ஒண்ணு பத்து.

— அப்ப ஒண்ணு சொல்லுதேன் கேளு. நீ இப்பக் கெளம்புனாலும் பஸ்ஸு பிடிச்சி வந்து சேர ரெண்டே கால் ஆயிரும். நான் போயிருப்பேன். நீ அலைஞ்சி வந்து பூட்டப் பாத்துட்டு நிக்கக் கூடாது. அதனால வரமாட்டேன்னு எனக்குச் சத்தியம் பண்ணிக் குடு.

— பண்ணணுமா?

— கோமதி அம்மன் மேல பண்ணு. அவ மேல பண்ணா நீ மீற மாட்ட.

— கோமதி அம்மன் மேல சத்தியமா, உங்களத் தேடி நான் இனிமே சங்கரன்கோவில்ல இருந்து பஸ்ஸு ஏற மாட்டேன். போதுமா?

— போதும்.

— என்ன, கொரலு உள்ள போயிட்டு?

— ஒண்ணுமில்ல. இம்புட்டு லேசாப் பண்ணிக் குடுப்பன்னு நெனைக்கல.

— பண்ணச் சொன்னீங்க, பண்ணிட்டேன்.

— நல்லதுதான். அதுதான் நல்லது. நல்லா இரு மாரி. அம்மையப் பாத்துக்க. அந்த மினுங்குத வெளக்க எண்ணாத, மறுபடி யாருகூடயாச்சும் வெளையாண்டா.

— சரி.

— வேற ஒண்ணும் சொல்ல வேண்டாமா ஒனக்கு?

— செத்தப் பொறுங்க. மூச்சு வாங்குது.

— ஏன், எங்கயாச்சும் நடக்கியா?

— படி ஏறுதேன். செங்குத்தாக் கெட்டிருக்கான், கைப்பிடியும் கெடையாது.

— நம்ம வீட்டுல ஏதுட்டி படி? இரு, இரு. போன வச்சிராத, மெல்லப் பேசு. வெளிய யாரோ பூட்டத் தொடுதாவ.

— ஃபாரூக் அண்ணனா இருக்கும்.

— அவன் இல்ல. அவன் படியேறும்போதே இருமுவான். இது சத்தமில்லாம வந்து சாவி போடுது. மாரி, யாரோ ஊருக்காரன் வந்துட்டான், என்னயப் பாத்துட்டான்னா முடிஞ்சிது, நான் கட்டிலுக்கு அடியில போறேன்.

— போவாதீங்க, நீங்க இங்க இருக்கீங்கன்னு ரசீதாதான் போனுல சொன்னா, நான் காலையில ஏழு மணி பஸ்ஸுக்கே வந்துட்டேன், இம்புட்டு நேரமும் கீழ ரசீதா பக்கத்துல உக்காந்துதான் உங்ககூட வெளையாடுனேன். அவ குடுத்த சாவியால வெளிப்பூட்டத் தெறந்துட்டேங்க, தாப்பா உங்க பக்கம் இருக்கு, அந்தக் கையாலயே எடுங்க, நான் பாக்கணும்.